காட்சிக்கு விலை உண்டா?

ஐஸ்லாந்து நாட்டின் தலைநகரமாகிய ரெய்க்யவிக்கில் பழைய துறைமுகம் ஒன்று உண்டு. பகற்போதில் திமிங்கிலம் காணச் செல்வோரை ஏற்றிச் செல்லும் படகுகள், செப்டம்பர் தொடங்கி ஏப்ரல் வரையுள்ள மாதங்களில் இரவிலும் அங்கிருந்து புறப்படுகின்றன. நகரத்தின் விளக்கொளியைப் பின்னே விட்டு, ஃபாக்ஸா விரிகுடாவின் இருளுக்குள் சென்று, வேகத்தைத் தணித்து, மேல்தளத்து விளக்குகளையும் குறைத்துக்கொண்டு காத்து நிற்கின்றன. கனத்த குளிரங்கி அணிந்த பயணிகள் கழுத்து நோக வானத்தை அண்ணாந்து பார்த்திருக்கின்றனர். நார்வே நாட்டில், ஆர்க்டிக் வட்டத்திற்கும் ஏறத்தாழ 350 கிலோமீட்டர் வடக்கே அமைந்த திரோம்சோ நகரிலிருந்தும் இவ்வாறே படகுகள், மலைகளுக்கிடையே புகுந்து கிடக்கும் கடற்கால்களுக்குள் செல்கின்றன. எல்லாரும் நாடிச் செல்வது ஒன்றே. அதுதான் வடதுருவ ஒளி.

சில மணி நேரம் கழித்துப் படகு திரும்புகிறது. ஓரிரவில் ஏறியவர்கள், வானம் முழுதும் பச்சைத் திரை அசைந்தாடக் கண்டு மெய்சிலிர்த்து இறங்குகின்றனர். மற்றோர் இரவில் ஏறியவர்கள், முகிலையும் கரிய நீரையும் மட்டுமே கண்டு, விரைத்த விரல்களோடு இறங்குகின்றனர். இரு சாராரும் கொடுத்த கட்டணம் ஒன்றே. அப்படியாயின், அவர்கள் பணம் கொடுத்து வாங்கியது யாது? கட்டணம் செலுத்திய ஒருவருக்குக் காட்சியின் மீது உரிமை உண்டா? ஒளி தோன்றாதபோது அவர் ஏமாற்றப்பட்டவரா, அன்றி ஏமாற்றமடைந்தவர் மட்டுமா? ஓர் உல்லாசப் பயணத்தைப் பற்றிய சிறு வினா போல் இது தோன்றலாம். நமக்கு உரியது எது, நமக்கு அருளப்படுவது எது என்னும் பெரிய வினா இதற்குள்ளே அடங்கியிருக்கிறது. ஆதலின் இதனைச் சற்று நிதானமாக ஆராய்வோம்.

முதலில் அந்த ஒளியின் இயல்பை அறிந்துகொள்ள வேண்டும். கதிரவனிடமிருந்து மின்னூட்டம் பெற்ற துகள்கள் இடையறாது வெளிப்பட்டு, நொடிக்கு ஏறத்தாழ 400 கிலோமீட்டர் வேகத்தில் விண்வெளியில் பரவுகின்றன. சுமார் 15 கோடி கிலோமீட்டர் தொலைவைக் கடந்து அவை பூமியை வந்தடையச் சில நாட்கள் ஆகின்றன. பூமியின் காந்தப்புலம் அவற்றைப் பெரும்பாலும் விலக்கிவிடுகிறது. எனினும் அப்புலத்தில் அகப்பட்டு முடுக்கம் பெறும் துகள்கள், காந்த முனைகளைச் சூழ்ந்த வளையம் போன்ற பகுதியில் வளிமண்டலத்தின் மீது இறங்குகின்றன. அங்கே அவை மோதும் அணுக்கள் தாம் ஏற்ற ஆற்றலை ஒளியாக வெளியிடுகின்றன. 100 முதல் 150 கிலோமீட்டர் உயரத்தில் உள்ள ஆக்சிஜன் பச்சை ஒளியையும், 200 கிலோமீட்டருக்கு மேலே உள்ள ஆக்சிஜன் சிவப்பொளியையும் தருகின்றன. நீலமும் ஊதாவும் நைட்ரஜன் தருபவை.

இவ்வுண்மையைத் தேடிச் சென்றவர்களுள் நார்வே அறிஞர் கிறிஸ்தியான் பிர்க்லாந்து தலையாயவர். 1899ஆம் ஆண்டில், அல்தா நகருக்கு அருகே ஏறத்தாழ 900 மீட்டர் உயரமுள்ள ஹால்டே மலையுச்சியில் அவர் ஓர் ஆய்வுக்கூடம் அமைத்தார். பனிப்புயல் வீசும் அவ்வுச்சியில் குளிர்காலம் முழுதும் தங்கி வானத்தை அளந்தார். பின்னர், காற்று நீக்கிய கண்ணாடிப் பெட்டிக்குள் காந்தமூட்டிய உருண்டை ஒன்றைத் தொங்கவிட்டு, அதன்மேல் மின்துகள்களைச் செலுத்தி, சிறியதொரு துருவ ஒளியையே உண்டாக்கிக் காட்டினார். அவர் கூறிய மின்னோட்டங்கள் விண்ணில் உண்மையாகவே உள்ளன என்பதை 1960களில் செயற்கைக்கோள்களின் அளவீடுகள் மெய்ப்பித்தன. அவர் மறைந்தது 1917இல். கண்ணாடிப் பெட்டிக்குள் ஒளியை வரவழைத்த அவ்வறிஞரும், ஹால்டே உச்சியில் மற்றவர்களைப் போலவே காத்திருக்கத்தான் வேண்டியிருந்தது.

இன்றும் நிலைமை பெரிதும் மாறிவிடவில்லை. பூமிக்கு 15 இலட்சம் கிலோமீட்டர் முன்னே நிற்கும் விண்கலங்கள் கதிரவக் காற்றை அளந்து செய்தி அனுப்புகின்றன. ஆனால் அச்செய்திக்கும் துகள்களின் வருகைக்கும் இடையே கிடைப்பது பெரும்பாலும் ஒரு மணி நேரத்திற்கு உட்பட்ட அவகாசமே. ஐஸ்லாந்து வானிலைத் துறை ஒளியின் வலிமையைச் சுழி முதல் ஒன்பது வரை எண்ணிட்டு, முகிலின் படத்தையும் சேர்த்து நாள்தோறும் வெளியிடுகிறது. அவ்வெண் உயர்ந்திருந்தும் முகில் மூடியிருந்தால் காட்சி இல்லை. முகில் விலகியிருந்தும் எண் தாழ்ந்திருந்தால் காட்சி அரிது. படகோட்டிக்கு இவ்விரண்டின் மீதும் அதிகாரம் கிடையாது.

தன் அதிகாரத்தில் இல்லாத ஒன்றை ஒருவர் விற்க இயலுமா? அரபு மொழியின் சட்ட நூல்கள் இவ்வினாவை மிக நுட்பமாக ஆய்ந்திருக்கின்றன. வானத்தில் பறக்கும் பறவையையும், நீரில் நீந்தும் மீனையும், ஓடிப்போன ஒட்டகத்தையும் விற்பது செல்லாது என்பது அவற்றின் முடிபு. கிட்டுமோ கிட்டாதோ என்னும் ஐயம் நிறைந்த இத்தகைய வாணிகத்தை அவை 'கரர்' என்று வழங்குகின்றன. இவ்வகையில் நம் பொருளுக்கு மிக நெருங்கிய உதாரணம், முத்துக் குளிப்பவரின் முழுக்கு. "அடுத்த முழுக்கில் எது அகப்பட்டாலும் அது உமக்கு, அதற்கு விலை இவ்வளவு" என்று பேரம் பேசுவது தவறு. ஒருவருக்குச் சிப்பி நிறைய முத்தும், மற்றொருவருக்கு வெறும் மணலும் கிடைக்கக் கூடுமன்றோ? ஆனால் அதே மனிதரை, "இத்தனை நேரம் எனக்காகக் கடலில் மூழ்குவீராக, உம் உழைப்புக்குக் கூலி இவ்வளவு" என்று அமர்த்துவது முறையான ஒப்பந்தமாகும். அங்கே விலை பேசப்படுவது முத்தன்று, மூழ்கும் உழைப்பு.

இந்த வேறுபாட்டைப் படகுப் பயணத்தின் மேல் வைத்துப் பார்த்தால் குழப்பம் தீர்ந்துவிடுகிறது. பயணி வாங்கியது ஓர் இருக்கை. கரையின் வெளிச்சம் எட்டாத கடலிருள். எந்தத் திசையில் முகில் கிழிந்திருக்கிறது என்று தேடத் தெரிந்த படகோட்டியின் அனுபவம். உயிர்காப்பு அங்கியும் சூடான பானமும். இவை யாவும் படகுக்காரர் கையில் உள்ளவை. இவற்றைக் குறைவின்றித் தருவது அவர் கடமை. ஒளியோ அவர் கையில் இல்லாதது. ஆகவே அது விற்கப்படவும் இல்லை, வாங்கப்படவும் இல்லை.

"ஒளி தோன்றாவிட்டால் மற்றோர் இரவு கட்டணமின்றி அழைத்துச் செல்வோம்" என்று நிறுவனங்கள் பல அறிவிக்கின்றனவே, அது ஒளியை விற்பதாகாதா என்று கேட்கலாம். ஆகாது என்பதே நம் கருத்து. அது விற்பனைக்கு மேலே வைக்கப்பட்ட ஒரு வாக்குறுதி. தம் கையில் உள்ள இன்னொரு இருக்கையையே அவர்கள் தருகின்றனர். வாக்குக் கொடுத்தவர் அதைக் காப்பாற்றியாக வேண்டும் என்பதில் ஐயமில்லை. ஆனால் நாளைக் காலை விமானம் ஏற வேண்டியவருக்கு அவ்விரண்டாம் சீட்டினால் பயன் யாது? மேலும், அடிவானத்தில் ஒரு நிமிடம் மங்கிய வில்லாகத் தோன்றி மறைந்தால் அது 'தோன்றியது' ஆகுமா? பயணி இல்லை என்பார்; நிறுவனம் ஆம் என்னும். காட்சியை அளந்து விற்க முற்படும்போதே வழக்கு தொடங்கிவிடுகிறது. முழத்தால் அளக்க முடியாத ஒன்றுக்கு முழக்கோல் தேடுவதன் விளைவு இது.

இவ்வளவும் கூறியதனால், குறை முழுவதும் பயணியினுடையதே என்று நாம் தீர்ப்பளித்துவிட்டதாக எவரும் கொள்ள வேண்டா. பல ஆண்டுகள் சிறுகச் சிறுகச் சேமித்து, வாழ்நாளில் ஒருமுறை இக்காட்சியைக் காண வேண்டும் என்று வந்த ஒருவர், முகிலைக் கண்டு திரும்பும்போது கண்கலங்கினால், அதைப் பேராசை என்று இகழ நமக்கு என்ன தகுதி உண்டு? அவருடைய துயரம் மெய்யானது. அவருக்கு அந்த நம்பிக்கையை ஊட்டியவர் யார் என்பதே கேட்கற்பாலது.

விளம்பரப் படங்களை நோக்குக. வானம் தீப்பற்றியது போல் பச்சையும் செந்நீலமுமாய்ப் பொங்குகிறது. அத்தகைய படங்கள் பெரும்பாலும் அசையாத நிலத்தில், முக்காலியில் பொருத்திய கருவியின் கண்ணைப் பல நொடிகள் திறந்து வைத்து எடுக்கப்பட்டவை. மனிதக் கண்ணோ ஒளியைச் சேமித்து வைக்கும் ஆற்றல் இல்லாதது. மங்கிய வெளிச்சத்தில் நமக்குப் பார்வை தரும் கண்ணணுக்கள் நிறத்தைப் பகுத்தறிய மாட்டா. ஆகவே வலிமை குன்றிய ஒளி கருவிக்குப் பச்சையாகவும் கண்ணுக்குச் சாம்பல் நிற மேகமாகவும் தோன்றுகிறது. வலிய ஒளியாயின் வெறுங்கண்ணுக்கும் பச்சையாகத் தெரியும்; விளிம்பில் இளஞ்சிவப்பும் மின்னும். ஆனால் அது எல்லா இரவுகளிலும் வாய்ப்பதன்று. இதனை அறிந்திருந்தும் சொல்லாமல் படத்தை மட்டும் காட்டுபவர், சரக்கின் குறையை மறைத்து விற்கும் வணிகரை ஒத்தவர். வானம் முழுதும் முகில் அடைத்திருக்கிறது என்று பிற்பகலிலேயே தெரிந்திருந்தும், இருக்கைகள் விற்றுவிட்டன என்பதற்காகப் படகை அவிழ்ப்பவரும் அவ்வாறே. வணிகரின் நேர்மை அவருடைய வாய்ச்சொல்லில் சோதிக்கப்படுகிறது.

வணிகர் கடமை அதுவாயின், ஒளியை வாங்கிவிட்டதாக எண்ணி ஏறும் பயணி இழைக்கக் கூடிய அநீதி ஒன்றும் உண்டு. அது பக்கத்தில் நிற்பவருக்கு இழைக்கப்படுவது. இருளுக்குள் சென்ற கண் முழுமையாகப் பழகுவதற்கு இருபது முப்பது நிமிடங்கள் வேண்டும். அவ்வாறு பழகிய கண்ணின் முன்னே ஒருவர் கைப்பேசியின் விளக்கை ஒரு நொடி ஏற்றினால் போதும். அந்த அரைமணி நேரம் வீணாகிவிடும். அவர் தம் விளக்கைத்தான் ஏற்றினார். ஆனால் அணைத்தது எல்லாருடைய இருளையும். படகின் மேல்தளத்தில் இருள் என்பது அனைவரும் பங்கிட்டு உடுத்தும் ஒரே போர்வை. "நானும் பணம் கொடுத்தவன்தானே" என்று அதைக் கிழிப்பவர், தாம் வாங்கியது இருக்கை மட்டுமே என்பதை மறந்தவராவார்.

இதற்கு மாறான ஓர் உதாரணமும் உண்டு. 2016ஆம் ஆண்டு செப்டம்பர் 28ஆம் நாள் இரவு, வலிமை மிக்க ஒளி எதிர்பார்க்கப்பட்டபோது, ரெய்க்யவிக் நகராட்சி நகரின் பல பகுதிகளில் தெருவிளக்குகளை ஏறத்தாழ ஒரு மணி நேரம் அணைத்து வைத்தது. மக்கள் தம் வாயிற்படியில் நின்றே வானத்தைப் பார்த்தனர். ஒளியை உண்டாக்க அந்நகராட்சிக்கு ஆற்றல் இல்லை; வழிவிட ஆற்றல் இருந்தது. ஒரு நல்ல காட்சிக்காக மனிதர் ஒருவருக்கொருவர் செய்யக் கூடிய உதவி பெரும்பாலும் இவ்வளவே: மறைக்காமல் விலகி நிற்பது.

இனி மூன்றாவதாக ஒன்று. கண்டவர் கண்டதைச் சொல்லும் முறை பற்றியது அது. நம்மிடம் முன்பு பயின்று, இப்போது வடநாடொன்றில் பணிபுரியும் மாணவர் ஒருவர் நமக்கு மடல் எழுதியிருந்தார். திரோம்சோவில் இரவுப் படகில் சென்றாராம். வெண்புகை போல் ஏதோ ஒன்று வானத்தில் நெளிந்ததாம். கைப்பேசியில் படம் பிடித்துப் பார்த்தால், படகின் அசைவில் சற்றுக் கலங்கியிருந்தாலும், அழகிய பச்சை. அதை ஊருக்கு அனுப்பி, "இதைக் கண்டேன் உம்மா" என்றாராம். உம்மா அதை அண்டை வீட்டாருக்கெல்லாம் காட்டி மகிழ்ந்தார்களாம். "ஹஜ்ரத், நான் சொன்னது பொய்யா? அந்தப் பச்சையை என் கண் காணவில்லையே" என்பது அவருடைய கேள்வி. சிறியதென்று தள்ளாமல், இதைக் கேட்கத் தோன்றிய அவ்வுள்ளத்தை நாம் மெச்சினோம்.

விடை தேடியபோது நமக்கு நினைவு வந்தவர் இப்னு ஃபள்லான். கலீஃபா அல்முக்ததிரின் தூதுக்குழுவில் கி.பி. 921இல் பக்தாதிலிருந்து புறப்பட்டு, 922 மே மாதத்தில் வோல்கா ஆற்றங்கரையின் பல்கார் மன்னரை அடைந்தவர் அவர். அவருடைய பயண நூலின் விரிவான படி ஒன்று 1923இல் மஷ்ஹத் நகரில் கண்டெடுக்கப்பட்டது. பல்கார் நாட்டில் முதல் நாளன்று தாம் கண்டதை அவர் அதில் எழுதுகிறார். அடிவானம் சிவந்தது, மேலே பேரோசை எழுந்தது, தீப்போன்ற செம்முகில் ஒன்றினுள் மனிதரும் குதிரைகளும் படைக்கலமும் போன்ற உருவங்கள் தோன்றின, அதுபோன்ற மற்றொரு முகிலோடு அது மோதியது. பக்தாதியர் அஞ்சி இறைஞ்சத் தொடங்கினர். உள்ளூரார் அவர்களைப் பார்த்து நகைத்தனர். இது வடதுருவ ஒளியே என்பது ஆய்வாளர் பலரின் கருத்து. மன்னரை வினவியபோது, நம்பிக்கை கொண்ட ஜின்களும் கொள்ளாத ஜின்களும் மாலைதோறும் பொருதுவதாகத் தம் முன்னோர் சொல்வர் என்று அவர் விடையளித்தாராம்.

இங்கே அந்த ஆசிரியரின் ஒழுங்கைக் கவனிக்க வேண்டும். முகிலையும் உருவங்களையும் 'கண்டோம்' என்கிறார். ஜின்களின் போரை 'மன்னர் சொன்னார்' என்கிறார். கண்டதையும் கேட்டதையும் அவர் கலக்கவில்லை. செய்தியைச் சுமந்து வருபவர் அது தமக்கு எவ்வழியில் வந்தது என்பதையும் சேர்த்தே சொல்ல வேண்டும் என்பது அரபு அறிவு மரபின் உயிர்நாடி. ஆயிரத்து நூறு ஆண்டுகளுக்குப் பின்னும் ஆய்வாளர் அந்நூலைக் கையிலெடுத்து ஆராய்வதற்கு இவ்வொழுங்கும் ஒரு காரணம்.

கைப்பேசியின் படம் பொய்யன்று. அந்தப் பச்சை வானத்தில் மெய்யாகவே இருந்தது. ஆனால் அதற்குச் சாட்சி கருவி. கண்ணின் சாட்சியம் சாம்பல் நிறம். ஆகவே நாம் அம்மாணவருக்கு எழுதியது இதுவே: "உம்மாவிடம் மீண்டும் பேசுவீராக. என் கண்ணுக்கு வெண்புகையாகத் தெரிந்தது, கைப்பேசி பச்சையாகக் காட்டியது என்று சொல்வீராக. அவர்கள் மகிழ்ச்சியில் எதுவும் குறைந்துவிடாது. மகன் கண்டதையே தாய் கேட்க விரும்புவாள்." பணம் கொடுத்துவிட்டோம் என்பதற்காக, கண்டதைவிட மிகுதியாகக் கண்டதாகச் சொல்லிக்கொள்ளும் ஆவல் நம் காலத்தில் பெருகி வருகிறது. கொடுத்த விலைக்கு ஈடாகக் காட்சியைப் பெரிதாக்கும் இவ்வழக்கம், உண்மையில் கிடைத்த சிறிய காட்சியையும் நம்மிடமிருந்து பறித்துவிடுகிறது. சாம்பல் நிறத்தில் நெளிந்த அந்தப் புகையும் கதிரவனிடமிருந்து வந்த விருந்தாளி தானே?

அவ்வாறாயின் பணம் கொடுத்துக் காணச் செல்வதே இழிவானதோ? அப்படியும் நாம் கருதவில்லை. இப்னு ஃபள்லானைப் பார்த்து நகைத்த உள்ளூரார் ஒரு காசும் கொடுக்காதவர்கள். நாள்தோறும் கண்டதனால் அவர்களுக்கு வியப்பு அற்றுப்போயிருந்தது. திரோம்சோவில் வாழ்வோரிலும் சன்னல் திரையை இழுத்துவிட்டு உறங்குவோர் இருக்கத்தான் செய்வர். கடல் கடந்து வந்து, நள்ளிரவில் குளிரில் நடுங்கிக்கொண்டு நிற்பவரிடம் அந்த வியப்பு உயிரோடு இருக்கிறது. கட்டணம் அவரை எழுப்பிக் கொண்டுவந்து நிறுத்தியது. அந்த அளவில் அது நற்பணியே செய்தது. அவ்வடபுலத்தின் தொல்குடியினராகிய சாமி மக்களிடையே, அவ்வொளியின் கீழ் சீட்டியடித்தல் ஆகாது என்னும் பழைய வழக்கம் உண்டு. நாள்தோறும் கிடைப்பதையும் மதித்து நிற்கக் கற்பிக்கும் வழக்கம் அது. வியப்பு அற்றுப்போகாமல் காக்க, ஒருவருக்கு விலை உதவுகிறது. மற்றொருவருக்கு மரபு உதவுகிறது.

அழைக்காமலே வந்த இரவுகளும் உண்டு. 2024ஆம் ஆண்டு மே 10, 11 நாட்களில் வலிமை மிக்க கதிரவப் புயல் ஒன்று பூமியைத் தாக்கியது. வழக்கமாக வடகோடியில் நிற்கும் ஒளி, தெற்கே வெகுதொலைவு இறங்கி வந்தது. நம் நாட்டின் லடாக்கில், ஹன்லே வானாய்வுக் கூடத்தின் கருவிகளும் அடிவானத்தில் செந்நிற ஒளியைப் பதிவு செய்தன. அவ்விரவில் எத்தனையோ நாடுகளில், எந்தச் சீட்டும் வாங்காதவர்கள் தம் முற்றத்தில் நின்று கண்டனர். அதே ஆண்டில் ஏதோ ஒரு வாரம் வடகடலுக்குப் பொருள் செலவிட்டுச் சென்று வெறுங்கையோடு திரும்பியவர்களும் இருந்திருப்பர். இதனை அநீதி என்று சொல்ல இயலாது. நீதியும் அநீதியும் உரிமை உள்ள இடத்தில் எழுபவை. இங்கே எவருக்கும் உரிமை இல்லை. எல்லாரும் விருந்தினரே.

எனவே நம் முடிபைத் தொகுத்துச் சொல்வோம். காட்சிக்கு விலை இல்லை; காத்திருப்புக்கே விலை உண்டு. இதை உணர்ந்த வணிகர் தம் கையில் உள்ளதை மட்டும் வாக்களிப்பார். இல்லாததை இல்லை என்று முன்னரே சொல்வார். இதை உணர்ந்த பயணி பக்கத்திலிருப்பவரின் இருளைக் காப்பார். கண்டதைக் கண்ட அளவில் சொல்வார். ஒளி வந்தால், வர வேண்டியது வந்தது என்று எண்ணாமல், வந்ததே என்று நன்றி கொள்வார். வராவிட்டால் வருந்துவார். வருந்துவதில் தவறில்லை, அவர் இழந்தது பெரியதே. அந்த வருத்தத்தைச் சினமாக்கிப் படகோட்டியின் மேல் எறியாமலும், பொய்யான படத்தால் மூடி மறைக்காமலும், "சென்றேன், காத்திருந்தேன், காணவில்லை" என்று ஊராரிடம் சொல்ல வல்லவராயின், அவர் அந்தக் கடலிலிருந்து வெறுங்கையோடு திரும்பியவர் அல்லர்.